நீர்ச் செவ்வாயில் கழற்றிய தொப்பி

ஒவ்வொரு டிசம்பர் 31-ஆம் தேதியும் எங்கள் பள்ளியில் கூட்டம் நடக்கும். உலகமெங்கும் சிதறிக் கிடக்கும் அஜர்பைஜானியர் எல்லாரும் ஒரே மக்கள் என்று சொல்லும் நாள் அது. 1989-இல் ஈரான் எல்லையான அராஸ் ஆற்றங்கரையில் இருந்த முள்வேலியைப் பிடுங்கியவர்களை மேடையில் உட்காரவைத்துப் பூங்கொத்து கொடுப்பார்கள். எங்கள் ஊர்க்காரர்களில் அந்த மேடைக்கு வராதவர் ஒருவர்தான். எங்கள் தெருவில், எங்கள் வீட்டிலிருந்து மூன்றாவது கதவு. பெயர் தாப்திக்.

தலைமை ஆசிரியர் வருடந்தோறும் அவர் வீட்டுக்கு நடப்பார்.

"தாப்திக் அண்ணே, இந்த வருஷமாவது வாங்க. வேலியைப் பிடுங்கின கதையைப் பிள்ளைங்களுக்குச் சொல்லுங்க."

"நான் எங்கய்யா பிடுங்கினேன்? எல்லாரும் பிடுங்கிட்டிருந்தப்போ நான் வாசல் வழியா போனேன். முப்பது வருஷமா அதுதானே என் வழி."

"அப்போ அதையே சொல்லுங்க."

"டீ ஆறுது. குடிச்சுட்டுக் கிளம்பு."

அவர் மேடையில் சொல்லாததை என் அம்மாவிடம் துண்டு துண்டாகச் சொல்லியிருக்கிறார். மீதியைத் தெருவில் கேட்டுச் சேர்த்தேன். பள்ளிப்படிப்பு முடிந்துவிட்டது, மேடையில் கேட்ட பேச்சுகள் ஒன்றும் என் நினைவில் இல்லை. இது இருக்கிறது. அதனால் எழுதுகிறேன்.

தாப்திக்கின் அம்மா பனோவ்ஷா. அவருக்கு ஒரே தங்கை, மர்ஜான். ஆற்றைத் தெப்பத்தில் கடக்க முடிந்த காலத்தில் மர்ஜானை எதிர்க்கரையில் கட்டிக்கொடுத்தார்கள். அந்தக் கரை ஈரான். ஆனால் அப்போது யாரும் அதை அப்படிச் சொல்லவில்லையாம். அங்கேயும் இதே பேச்சு, இதே ரொட்டி, இதே ஒப்பாரி. அக்கரையில் கல்யாணம் என்றால் இக்கரை வீடுகளுக்கு மேளச் சத்தம் கேட்கும். பிறகு எங்கள் கரையில் சோவியத் அரசின் வேலி வந்தது. போர்க்காலத்தில் சோவியத் படை தெற்கே ஈரானுக்குள் போனபோது சில வருடங்கள் லாரிகள் போய்வந்தன. கூடவே சேதியும் வந்தது. 1946 வசந்தத்தில் படை திரும்பியது. அந்தக் கடைசி லாரிகளில் ஒன்றின் ஓட்டுநர் பனோவ்ஷாவின் கதவைத் தட்டி, இறங்காமலே, மர்ஜான் சொல்லியனுப்பியதைச் சொன்னார்:

"இனிமே வழி மூடிடுமாம். வருஷா வருஷம் நீர்ச் செவ்வாய் அன்னிக்கு அம்மா நெய்த சிவப்புக் கம்பளத்தை ஆத்தைப் பார்த்த சுவர்ல போடுவாளாம் உன் தங்கச்சி. கம்பளம் தொங்கினா அவ உயிரோட இருக்கான்னு அர்த்தமாம். பார்த்துக்கச் சொன்னா."

மார்ச்சில் வரும் நவ்ரூஸ் புத்தாண்டுப் பண்டிகைக்கு முன் வரும் நான்கு செவ்வாய்களில் முதலாவது நீர்ச் செவ்வாய். விடியற்காலையில் ஓடும் தண்ணீரில் முகம் கழுவி, பிறகு வீட்டிலுள்ள கம்பளம், மெத்தை எல்லாவற்றையும் வெளியே எடுத்து அடித்துத் தட்டுவோம். பண்டிகை கொண்டாடக்கூடாது என்றிருந்த காலத்திலும் இது நடந்தது. கம்பளத்தில் தூசி தட்டுவதை எந்த அரசாங்கம் தடுக்கும்?

ஆனால் பனோவ்ஷாவால் பார்க்க முடியவில்லை. வேலிக்கும் ஆற்றுக்கும் இடையே அரை கிலோமீட்டர். உழுது போட்ட மண்; கால் பட்டால் தடம் தெரியும். கூரையில் ஏறினால் எதிர்க்கரை வீடுகள் மண் நிறத்தில் ஒரு கோடாகத் தெரியும், அவ்வளவுதான். பதினான்கு வருடம் ஒவ்வொரு நீர்ச் செவ்வாயும் அவர் கூரையில் ஏறினார். ஒன்றும் தெரியாமல் இறங்கினார்.

வேலியைத் தாண்ட ஊரில் ஒரே ஒரு ஆளுக்கு அனுமதி உண்டு. ஆற்றின் நீர்மட்டம் அளப்பவர். கரையில் நட்டிருக்கும் அளவுகோலைக் காலை எட்டு மணிக்கு ஒருமுறை, மாலை எட்டு மணிக்கு ஒருமுறை பார்த்து ஏட்டில் எழுத வேண்டும். கூடவே ஒரு எல்லைக்காவல் சிப்பாய் வருவான். 1960-இல் பழைய ஆள் ஓய்வு பெற்றார். அப்போது தாப்திக்குக்கு இருபத்திரண்டு வயது. கணக்கில் கெட்டிக்காரர். தலைநகர் பாகுவில் பொறியியல் படிக்க இடம் கிடைத்திருந்தது. பெட்டி கட்டியாயிற்று. அம்மா ஒன்றும் கேட்கவில்லையாம். பெட்டியின் மேல் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார், அவ்வளவுதான்.

வேலைக்கான படிவத்தில் ஒரு கேள்வி இருந்தது: வெளிநாட்டில் உறவினர் உண்டா? உண்டு என்று எழுதினால் வேலை இல்லை. தாப்திக் "இல்லை" என்று எழுதினார். சித்தியைப் பார்ப்பதற்காக, சித்தி என்று ஒருத்தி இல்லை என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். அம்மாவிடம் வந்து சொன்னபோது அவர், "எழுதினது காகிதம்தானே. உன் நோவெல்லாம் எனக்கு வரட்டும்" என்று மகனின் கையை முத்தமிட்டாராம். கையெழுத்துப் போட்ட கையை.

அடுத்த பிப்ரவரியில் முதல் நீர்ச் செவ்வாய் வந்தது. காலை எட்டு மணி. பனி. பின்னால் கோஸ்த்யா என்ற ருஷ்யச் சிப்பாய், கொட்டாவி விட்டுக்கொண்டு. தாப்திக் அளவுகோலைப் பார்த்தார்; பிறகு தலையை நிமிர்த்தினார். எதிரே, சுவர் மேல், சிவப்பு. நடுவில் வெள்ளைக் கட்டம். அம்மா நூறு முறை விவரித்த அதே கம்பளம்.

கை ஆட்ட முடியாது. கூப்பிட முடியாது. அவர் தன் கம்பளித் தொப்பியைக் கழற்றினார். எங்கள் ஊரில் ஓர் ஆண் வெட்டவெளியில் தலைத்தொப்பியைக் கழற்ற மாட்டான். சண்டையில் ஒருவன் தொப்பி கீழே விழுந்தால் அந்தச் சண்டை மூன்று தலைமுறைக்கு ஓடும். எதிர்க்கரையில் பார்க்கிறவருக்கு அது புரியும். பின்னால் நிற்கிற சிப்பாய்க்குப் புரியாது.

"என்னப்பா, இந்தக் குளிர்ல தலையைக் காட்டிக்கிட்டு?" என்றான் கோஸ்த்யா.

"அரிக்குது."

"பேன் வெச்சிருக்கியா? தள்ளி நில்லு!"

சுவருக்குப் பின்னாலிருந்து ஒரு பெண் எழுந்து நின்றாள். முகம் தெரியவில்லை. அசையாமல் நின்றாள். அவர் தொப்பியைப் போட்டுக்கொண்டு ஏட்டில் நீர்மட்டத்தை எழுதினார். எண் கோணலாக விழுந்தது. வீட்டுக்கு ஓடி, "அம்மா, இருக்கா" என்றார். பனோவ்ஷா அன்று தெருவிலுள்ள எல்லா வீட்டுக்கும் வறுத்த கோதுமை கொடுத்தார். என்ன விசேஷம் என்று கேட்டவர்களுக்கு, "சும்மாதான்" என்றார்.

அதற்குப் பிறகு இருபத்தெட்டு நீர்ச் செவ்வாய். ஒவ்வொரு வருடமும் கம்பளம், ஒவ்வொரு வருடமும் கழற்றிய தொப்பி. மற்ற முந்நூற்று அறுபத்து நான்கு நாட்களும் அந்த ஒரு நாளுக்காக இருந்தன. காலை எட்டு, மாலை எட்டு என்றால் எங்கேயும் போக முடியாது. நண்பர்கள் பாகுவிலும் மற்ற ஊர்களிலும் கல்யாணம் செய்துகொண்டார்கள். எந்தக் கல்யாணத்துக்கும் அவர் போகவில்லை. அவருக்கு ஒரு பெண்ணைப் பேசினார்கள். அவள் ஆசிரியை. "பாகுவுக்குப் போயிடலாம்" என்றாள். அவரால் காரணம் சொல்ல முடியவில்லை. சொன்னால் படிவத்தில் எழுதிய பொய் வெளியே வரும். அந்தப் பெண் அவரைச் சோம்பேறி என்று நினைத்துக்கொண்டு போனாள். பிறகு அவருக்கு யாரும் பெண் பேசவில்லை. ஊர் அவரைத் தண்ணிக்காரன் என்றது. சிப்பாய்கள் இரண்டு வருடத்துக்கு ஒருமுறை மாறினார்கள். அவர் மாறவில்லை. ஆறோடுதான் அதிகம் பேசினேன் என்று அம்மாவிடம் சொல்லியிருக்கிறார்; அதுவும் பதில் பேசாத ரகம் என்று சிரித்துக்கொண்டே.

1989 டிசம்பர் கடைசியில் வேலி விழுந்தது. ஆயிரக்கணக்கில் ஆட்கள் திரண்டு வந்து கைகளாலேயே முள்கம்பியைப் பிடுங்கினார்கள். சிப்பாய்கள் பார்த்துக்கொண்டு நின்றார்கள். ஜனங்கள் கரையில் மண்டியிட்டு எதிர்க்கரையைப் பார்த்துப் பெயர்களைக் கூவினார்கள். அங்கிருந்தும் பெயர்கள் வந்தன. யார் பெயர் யாருக்கு என்று தெரியவில்லை. சிலர் குளிர்ந்த தண்ணீரில் இறங்கிவிட்டார்கள்.

"டேய், அங்க இறங்காதே! ரெண்டு ஆள் ஆழம்!" என்று தாப்திக் கத்தினார். எந்த இடத்தில் எத்தனை அடி என்று அவருக்குத்தான் தெரியும். டயர் ட்யூப்களைக் கட்டித் தெப்பம் செய்தார்கள். அவர் வழி சொல்ல, நூற்றுக்கணக்கில் கடந்தார்கள். முப்பது வருடம் எழுதிய எண்கள் முதல்முறையாக யாருக்கோ பயன்பட்டன.

அவர் கடந்தது ஐந்தாம் நாள். அம்மாவுக்கு அப்போது எழுபத்தாறு வயது. தெப்பத்தில் ஏற முடியாது. மூடி போட்ட செம்புக் கிண்ணம் ஒன்றில், அக்ரூட் திணித்துக் காயவைத்த பீச் பழங்களை நிறைத்துக் கொடுத்தார்.

"மர்ஜானுக்கு இதுன்னா உசுரு. கிண்ணத்தைத் திருப்பி வாங்கிட்டு வா. அவ என்ன போட்டு அனுப்புறான்னு பார்க்கிறேன்." கொடுத்தனுப்பிய பாத்திரத்தை வெறுமையாகத் திருப்புவது எங்களிடம் வழக்கமில்லை.

வீட்டைத் தேட வேண்டியிருக்கவில்லை. அந்தச் சுவர் அவருக்கு மனப்பாடம். கதவைத் திறந்தவள் அறுபத்தைந்து வயதுக்காரி, ஒற்றை நாடி, வெள்ளை முக்காடு. அவர் வாயைத் திறப்பதற்குள் அவர் தொப்பியை எட்டிக் கழற்றினாள்.

"எய்வாஸ்! வந்துட்டியா தம்பி! கல்லு நெஞ்சுக்காரா, வேலி விழுந்து அஞ்சு நாளாச்சு, இப்பதான் வழி தெரிஞ்சுதா?"

அவள் கழுத்தைக் கட்டிக்கொண்டு அழ ஆரம்பித்தாள். தாப்திக் கிண்ணத்தைப் பிடித்துக்கொண்டு நின்றார். சித்தி என்றால் வயது எழுபதுக்கு மேல் இருக்க வேண்டும். சித்தி என்றால் தம்பி என்று அழைக்க மாட்டாள்.

"அக்கா," என்றார், "நான் எய்வாஸ் இல்லை. நான் தாப்திக். மர்ஜானோட அக்கா மகன்."

கைகள் தளர்ந்தன. அவள் அவர் முகத்தை மிக அருகில் வந்து பார்த்தாள். பிறகு உள்ளே போய் டீக்கு வெந்நீர் போடும் சமோவாரைப் பற்றவைத்தாள். டீயை ஊற்றி வைத்துவிட்டுச் சொல்ல ஆரம்பித்தாள்.

அவள் பெயர் குல்கஸ். மர்ஜான் 1952-இல் காய்ச்சலில் இறந்துவிட்டாள், பிள்ளை இல்லை. அவள் கணவன் வீட்டைச் சாமான்களோடு விற்றுவிட்டுத் தெஹ்ரானுக்குப் போனான். வாங்கியது குல்கஸின் கணவன். சிவப்புக் கம்பளம் வீட்டோடு வந்தது. குல்கஸுக்கு ஒரு தம்பி, எய்வாஸ். 1946 டிசம்பரில் ஈரானின் தப்ரீஸ் நகரில் எங்கள் மக்கள் அமைத்த ஆட்சி விழுந்தபோது ஆற்றைத் தாண்டி வடக்கே ஓடியவன். பிறகு சேதியே இல்லை.

"ஒரு வருஷம் நீர்ச் செவ்வாய்க்குக் கம்பளத்தைத் தட்டிச் சுவர்ல போட்டேன். பார்த்தா, ஆத்தங்கரையில ஒருத்தன் என் வீட்டைப் பார்த்துத் தொப்பியைக் கழட்டுறான். பின்னாடி துப்பாக்கிக்காரன். வேற யாரு எனக்குத் தொப்பி கழட்டுவா? என் தம்பியைக் கைதியாக்கி ஆத்து வேலைக்கு விட்டிருக்காங்கன்னு நினைச்சேன். அதுலருந்து, நான் இருக்கேன்டான்னு காட்ட, தவறாம போட்டேன். புருஷன் செத்த வருஷம்கூடப் போட்டேன். ஊரே திட்டுச்சு."

"நான் சித்திக்குன்னு கழட்டினேன்."

"நான் எய்வாஸுக்குன்னு போட்டேன்."

இருவரும் கம்பளத்தைப் பார்த்தார்கள். அது தரையில், அவர்கள் காலடியில்தான் கிடந்தது.

"எய்வாஸை அங்க பார்த்திருக்கியா? இடது காதுல ஒரு தழும்பு இருக்கும்."

"இல்லைக்கா."

தாப்திக் ஒரு கணக்குப் போட்டார். 1947 முதல் 1952 வரை ஆறு நீர்ச் செவ்வாய். அந்த ஆறு முறை சித்தி கம்பளத்தைப் போட்டிருப்பாள். இந்தக் கரையில் பார்க்க ஆளில்லை. பார்க்க ஆள் வந்தபோது சித்தி இல்லை.

"அம்மா காத்துக்கிட்டிருக்கா," என்றார். "நான் என்ன சொல்வேன்? இருபத்தெட்டு வருஷமா, இருக்கா இருக்கான்னு சொன்னவன் நான்தான்."

"உசுரோடதான் இருக்கா, நடக்க முடியலைன்னு சொல்லிடேன். வயசானவ. எத்தனை நாள் தெரியப்போகுது?"

"முடியாதுக்கா. ஒருதடவை அவ இல்லைன்னு எழுதிக் கொடுத்தேன், உண்மையில இருக்கான்னு நம்பி. இப்ப இருக்கான்னு சொன்னா, ரெண்டு பொய்யும் என் தலையிலதான்."

குல்கஸ் எழுந்தாள். கிண்ணத்திலிருந்த பீச் பழங்களைத் தட்டில் கொட்டிவிட்டு அடுப்படிக்குப் போனாள். வெண்ணெயில் மாவு வறுபடும் வாசனை வந்தது. தாப்திக்குக்குப் புரிந்தது. மாவு வறுத்து, சர்க்கரையும் குங்குமப்பூவும் கரைத்து ஊற்றிக் கிளறும் அல்வாவை நாங்கள் செத்தவர்களுக்காகத்தான் செய்து பங்கிடுவோம்.

"உன்னால சொல்ல முடியாது. கிண்ணத்தை வெறுமையாவும் கொண்டுபோகக் கூடாது," என்றாள் குல்கஸ், கிளறிக்கொண்டே. "அவ வீட்டுல முப்பத்தேழு வருஷம் இருந்திருக்கேன். அவ பேருக்கு ஒரு பிடி மாவு வறுக்கலை. இன்னிக்கு வறுக்குறேன்."

மாலை எட்டு மணி அளவுக்கு அவர் திரும்பிவிட்டார். முதலில் நீர்மட்டம் எழுதினார். பிறகு வீடு. அம்மா கதவருகே நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். கிண்ணத்தை வாங்கி எடை பார்த்தார்.

"நிறைச்சு அனுப்பியிருக்கா! எனக்குத் தெரியும். என்ன வெச்சிருக்கா?"

 பனோவ்ஷா மூடியைத் திறந்தார். குனிந்து முகர்ந்தார். மூடியை மடியில் வைத்தார். விரலால் கொஞ்சம் எடுத்து வாயில் போட்டார்.

"எப்போ?"

"ஐம்பத்திரண்டுல."

"மாவு கொஞ்சம் கூடவே சிவந்திருக்கு. யாரு கிண்டினது?"

"கம்பளம் போட்டவ." எல்லாவற்றையும் சொன்னார்.  முடிந்ததும் அம்மா கேட்டார்.

"அவளுக்கு வேற யாரும் இருக்காங்களா?"

"இல்லை."

"நீர்ச் செவ்வாய் வருதே. தொப்பியைக் கழட்டுவியா?"

"யாருக்கும்மா இனிமே?"

"அவளுக்குத் தம்பி வேணும்ல, கண்ணு."

அந்த பிப்ரவரியில் தாப்திக் கரைக்குப் போனார். கம்பளம் இருக்குமோ இருக்காதோ என்று பார்த்துக்கொண்டே நடந்தார். இருந்தது. தொப்பியைக் கழற்றினார். பனோவ்ஷா அந்த வசந்தத்திலேயே போய்விட்டார்.

பிறகு சோவியத் உடைந்து எங்கள் நாடு தனி நாடானது. பக்கத்து நாட்டோடு போர் வந்தது, எங்கள் பக்கம் சாலையும் ரயிலும் அடைபட்டன. மின்சாரம் இல்லாத குளிர்காலங்களில் பழமரங்களை வெட்டி எரித்தார்கள். தெற்கிலிருந்து பாலம் வழியே மாவு வந்தது. வேலியும் திரும்ப வந்தது. இப்போது அங்கே நிற்கும் சிப்பாய் எங்கள் மொழியிலேயே "போகாதீங்க மாமா" என்கிறான். அது ஒன்றுதான் வித்தியாசம் என்பார் தாப்திக். எய்வாஸைத் தேடி அவர் பாகுவுக்கு எட்டு வருடம் கடிதம் போட்டார். அந்தப் பெயரில் யாரும் பதிவில் இல்லை என்று ஒரே ஒரு பதில் வந்தது.

பாஸ்போர்ட் எடுத்து ஜுல்ஃபா பாலம் வழியாகப் போகலாமே என்று என் அம்மா கேட்டாராம். ஒரு பகல் பயணம்தானே.

"போலாம். போனா நான் தாப்திக். இந்தக் கரையில நின்னு தொப்பியைக் கழட்டினா, அவ கண்ணுக்கு நான் எய்வாஸ். எது அவளுக்கு நல்லது?"

ஓய்வு பெற்ற பிறகும் ஆண்டுக்கொரு காலை அவரைக் கரைவரை விட்டார்கள். இடைப்பட்ட நாட்களில் அவர் வீட்டுப் புகைபோக்கியில் புகை வருவதைப் பார்த்துத்தான் எழுந்துவிட்டார் என்று எங்களுக்குத் தெரியும்.

2009 நீர்ச் செவ்வாயில் சுவர் வெறுமையாக இருந்தது. சிப்பாயைக் கெஞ்சிப் புதனும் போய்ப் பார்த்தார், வியாழனும் போய்ப் பார்த்தார். வெள்ளிக்கிழமை காலை அவர் வீட்டுச் சன்னலிலிருந்து மாவு தீயும் நாற்றம் தெருவெங்கும் வந்தது. பெண்கள்தான் அல்வா கிண்டுவார்கள். ஓர் ஆண் தனியாகக் கிண்டி எங்கள் தெரு பார்த்ததில்லை. அந்தச் செம்புக் கிண்ணத்தோடு வீடு வீடாக வந்தார். எங்கள் வீட்டுக் கதவைத் தட்டியபோது அம்மா பயந்துபோய்க் கேட்டார்:

"தாப்திக் அண்ணே, யாருக்கு?"

"என் அக்காவுக்கு."

"உங்களுக்கு அக்கா இல்லையே?"

"இருந்தா. அக்கரையில."

அம்மா ஒரு பிடி எடுத்துச் சாப்பிட்டார். கருகிப்போயிருந்தது. "நல்லாயிருக்கு, அவங்க ஆத்மா சாந்தியடையட்டும்" என்றார். அவர் தலையசைத்துவிட்டு அடுத்த கதவுக்கு நடந்தார். அன்று நல்ல பனி. தொப்பியைக் கையில்தான் பிடித்திருந்தாராம்.